முப்பத்தொரு தடவை செத்தவன்

சின்னமுத்து: அசையாதீங்க சார். நொர மூக்குல ஏறிரும்.

பழனியாண்டி: இன்னொரு தடவ சார்னு சொன்னே, கதிரைய விட்டு எந்திரிச்சுப் போயிருவேன்.

சின்னமுத்து: போங்க. பாதி மீசைய கத்தரிச்சாச்சு. ரோட்டுல பாக்கிறவன் எல்லாம் போன்ல படம் புடிப்பான்.

பழனியாண்டி: வாடா போடான்னு பேசின வாய்தானே அது?

சின்னமுத்து: அந்த வாய்க்கு இப்ப அம்பது வயசு. நீங்க இந்தப் பக்கம் தலகாட்டி இருவத்தாறு வருஷம். டீவியில பாக்கிறவங்கள எல்லாம் வாடா போடான்னு சொல்ல முடியுமா?

பழனியாண்டி: கோவமா இருக்க.

சின்னமுத்து: கோவம் இருந்தா ஒங்களுக்குன்னு புது பிளேட்டு பிரிப்பேனா... தலைய சாச்சு வைங்க. ஆமா, கொழும்புல சலூன் இல்லியா? ஏசி போட்டு, பாட்டு போட்டு, மசாஜ் எல்லாம் பண்ணி வுடுறானாமே.

பழனியாண்டி: இருக்கு.

சின்னமுத்து: அத வுட்டுட்டு மீச எடுக்க கண்டிக்கு வந்தீங்களாக்கும்.

பழனியாண்டி: நாளைக்கு ஃபிளைட்டு. லண்டன் போயி, அங்கேருந்து ஸ்கொட்லாந்து. மீச இல்லாம வரச் சொல்லியிருக்காங்க.

சின்னமுத்து: கொழும்புலேருந்து கட்டுநாயக்கா ஏர்போர்ட்டுக்கு கண்டி வழியாவா போறாங்க இப்ப? ரோட்ட மாத்திட்டானுங்களா?

பழனியாண்டி: நக்கல்... அந்த நக்கல் மட்டும் அப்படியே இருக்கு. டேய், என் மீசைய மொத மொதல்ல எடுத்தது யாரு? சொல்லு.

சின்னமுத்து: நான்தான். காமன் கூத்துக்கு, ரதி வேசம் கட்ட. லயத்து வீடுகளுக்குப் பின்னால, தண்ணி விழுற பீலிக்கரையில ஒக்கார வச்சு. அப்பதான் நாலு முடி மொளச்சிருந்துச்சு, அதுக்குப் போயி அழுதீங்க.

பழனியாண்டி: அழுதேன்ல? பத்தொம்பது வயசு. நீ மன்மதன்னு மீச வச்சிக்கலாம், நான் ரதின்னு மொட்டையா நிக்கணும். அஞ்சு வருஷம் ஒனக்குப் பொண்டாட்டியா ஆடியிருக்கேன்டா.

சின்னமுத்து: தேயிலத் தோட்டமே ஒங்கள 'மதினி'ன்னுதான் கூப்பிட்டுச்சு. கொழுந்து நிறுக்கிற எடத்துல கூட.

பழனியாண்டி: ஒன் அத்தைக்காரி வேலாயி எனக்கு வளையல் வாங்கிக் குடுத்தா தெரியுமா?

சின்னமுத்து: சிரிக்காதீங்க, கத்தி கிட்ட வந்துருச்சு... யாரது? றவூப் நானாவா? உள்ள வாங்க.

றவூப்: முத்து, ரெண்டு டீ கேட்டீங்களே, இந்தா... யா அல்லாஹ்! இவர்தானே அது? அந்த மவுத்தாகிற ஆள்!

சின்னமுத்து: பக்கத்து டீக்கட றவூப் நானா. பெரிய ரசிகர். வாய மட்டும் மூட மாட்டார்.

றவூப்: மெய்தான் சேர், நாங்க குடும்பத்தோட ரசிகர். ஒங்கட நாடகம் போட்டா என்ட பொஞ்சாதி ஜெஸீமா மணிக்கூட்ட பாத்துக்கொண்டு இருப்பா. எத்தினாவது நிமிசத்துல மவுத்தாவார்ண்டு. அரைமணித்தியாலம் தாண்டினதே இல்ல.

பழனியாண்டி: முப்பத்தொரு தடவ செத்திருக்கேன் நானா. பாம்பு கடிச்சு, லொறி மோதி, தூக்குல தொங்கி... துப்பாக்கியில செத்தது கணக்கே இல்ல.

சின்னமுத்து: மெட்ராஸ் பக்கமும் போனீங்களே?

பழனியாண்டி: அங்கயும் அதான். பாட்டு வர்றதுக்கு முன்னாடியே முடிச்சிருவாங்க. மலையாளத்துல ஒருத்தன் மட்டும் பாவப்பட்டு இடைவேள வரைக்கும் வுட்டு வச்சான்.

றவூப்: வெளிநாட்டுப் படத்துலயும் நடிச்சீங்கதானே?

பழனியாண்டி: பிரான்சுக்காரன் படம். அதுல நான் வரும்போதே பொணம்.

சின்னமுத்து: பொணமா படுக்கிறதுக்கா ப்ளேன் ஏத்திக் கூட்டிட்டுப் போனான்? அந்த ஊர்ல படுக்க ஆளில்லையா?

பழனியாண்டி: ரெண்டு நாள் படுத்தேன். நல்லா படுக்கிறேன்னு கை குலுக்குனாங்க.

றவூப்: ஆனா சேர், எல்லாத்திலயும் அந்த மொதப் படம் மாதிரி வராது. வெள்ளக்காரத் தொர சுட்டு மகாவலி ஆத்துல விழுவீங்களே... பொறுங்க, போன்ல இருக்கு. இந்தா, பாருங்க. ஒரு மனிசன் பாஞ்சு வருவான், ஒங்கட கால புடிச்சு கரைக்கு இழுத்துப் போட்டு அழுவான். எங்கட உம்மா இத பாத்துட்டு ரெண்டு நாள் ஒழுங்கா சாப்பிடல்ல.

சின்னமுத்து: நானா, அத மூடி வைங்க. கட நேரத்துல.

றவூப்: பாத்தீங்களா சேர், முத்துக்கு இந்தப் படத்த போட்டாப் புடிக்காது. எழும்பி வெளிய போயிருவார்.

பழனியாண்டி: ஏன்டா? என் மொதப் படத்த நீ பாக்கலியா?

சின்னமுத்து: பாத்த மாதிரிதான் இருக்கு.

பழனியாண்டி: எனக்கு சோறு போட்டது அந்த ஒரு காட்சிதான் நானா. மெட்ராஸ்ல என்னைய கூப்பிட்டதும் அத பாத்துத்தான். ஆனா நான் செத்தது பெரிசில்ல. அந்த ஆளு அழுதான் பாருங்க... அத பாத்துத்தான் சனம் நம்புச்சு, நான் செத்துட்டேன்னு.

றவூப்: மெய்தான்! யாரு சேர் அந்த நடிகன்? மூஞ்சி விளங்குறதில்ல, முதுகு மட்டும்தான்.

பழனியாண்டி: தெரியாது. கண்ண தொறக்கக் கூடாதுன்னு கண்டிப்பா சொல்லிட்டாங்க. காது நெறைய ஆத்துத் தண்ணி. என்னமோ கத்துனான், ஒண்ணும் வெளங்கல. முடிஞ்சு எந்திரிச்சு துண்டு போத்திக்கிட்டு தேடுனேன், ஆளக் காணோம். கம்பள டவுன் பக்கத்து ஆளுன்னு சொன்னாங்க. கம்பள சந்தையில கூட ரெண்டு தடவ விசாரிச்சேன்.

சின்னமுத்து: டீ ஆறுது.

பழனியாண்டி: நானா, ஒரு ஒதவி. ஒரு கிளாஸ் பச்சப் பால் கிடைக்குமா?

றவூப்: பச்சப் பாலா? எங்கட கடையில மாப்பால்தான் சேர். பக்கெட்ட உடைச்சு கரைச்சுத் தாறன்.

பழனியாண்டி: சரி, அதாவது குடுங்க. சீனி வேணாம். ஆத்த வேணாம்.

றவூப்: வயித்துல ஏதும் கொளறுபடியா? சரி சரி, கேக்கல்ல. இப்ப கொண்டாறன்.

சின்னமுத்து: ...பால் எதுக்கு?

பழனியாண்டி: ஒனக்குத் தெரியாதா?

சின்னமுத்து: நீங்க பால் குடிக்க மாட்டீங்க. சின்னதுலேருந்தே ஒங்களுக்கு ஒத்துக்காது.

பழனியாண்டி: குடிக்க இல்ல. தெளிக்க.

சின்னமுத்து: வேணாம்.

பழனியாண்டி: டேய், கேளு...

சின்னமுத்து: இது சலூன், காமன் கூத்து ஆடுற பொட்டல் இல்ல. தலைய நேரா வைங்க.

பழனியாண்டி: கம்பம் நட்டு, காப்பு கட்டி, பதினஞ்சு நாள் சுத்தபத்தமா இருந்து ஆடுனோம். பௌர்ணமியில ஒன்னைய எரிச்சாச்சு. மூணாம் நாள் ரதி வந்து பால் தெளிச்சு, மூணு தடவ கூப்பிட்டு எழுப்பணும். ரதி வரல. சினிமாவுக்கு ஓடிட்டான். எரிஞ்ச மன்மதன் எரிஞ்சபடியே கெடந்தான்.

சின்னமுத்து: அதான் எனக்கே தெரியுமே. எனக்கு எதுக்கு சொல்றீங்க?

பழனியாண்டி: அன்னிலேருந்து ஒரு படத்துலயாவது நான் கடைசி வரைக்கும் உசுரோட இருந்திருக்கேனா? சொல்லு. முப்பத்தொண்ணுல ஒண்ணு?

சின்னமுத்து: ஐயய்யோ... அதுக்குத்தான் இவ்வளவு தூரம் வந்தீங்களா?

பழனியாண்டி: சிரி. நல்லா சிரி.

சின்னமுத்து: சிரிக்கல... இல்ல, சிரிக்கிறேன்தான். சொல்லுங்க, அந்த ஸ்கொட்லாந்துல என்னா வேசம்?

பழனியாண்டி: கப்பல்ல சமையக்காரனா இருந்த மனுசன். நம்ம மலநாட்டு ஆளு. வயசாயி ஒரு தொறமொகத்துல தனியா கெடக்கிறான். அநாதையா வர்ற ஒரு சின்னப் புள்ளைய வச்சுக் காப்பாத்துறான். எட்டு பகுதி. எட்டுலயும் நான் இருக்கேன்டா! நான்தான் கதையே.

சின்னமுத்து: அம்மாடி. நல்லதுதானே?

பழனியாண்டி: எட்டாவது பகுதியில கடல்ல எறங்குவான், அந்தப் புள்ளைய தூக்கப் போயி. டைரக்டர் ஒரு அம்மா. அவங்க ரெண்டு முடிவு எழுதி வச்சிருக்காங்க. ஒண்ணுல புள்ள மட்டும் கரையேறுது. இன்னொண்ணுல ரெண்டு பேரும். ரெண்டையும் எடுத்துட்டு அப்புறமா முடிவு பண்ணுவாங்களாம்.

சின்னமுத்து: நீங்க கரையேறினா?

பழனியாண்டி: அடுத்த பாகம், அதுக்கடுத்த பாகம். மூணு வருஷம் வேல. செத்தா, எப்பவும் போல பொட்டியக் கட்டிக்கிட்டு வந்துர வேண்டியதுதான். வேல கூட கெடக்கட்டும்டா... என் மகளுக்கு இருவது வயசு. என் படம் ஒண்ணு கூட முழுசா பாத்ததில்ல அவ. சின்னப் புள்ளையில ஒரு தடவ பாத்துட்டு, வீட்டுல நான் சோறு தின்னுக்கிட்டு இருக்கும்போதே வந்து மூக்குல கைய வச்சுப் பாத்தா, மூச்சு வருதான்னு. அதோட சரி. இப்ப கேக்கிறா, இதுலயாவது இருப்பியாப்பான்னு. ஒரே ஒரு தடவடா. கடைசி வரைக்கும் இருக்கணும். ஆசையா இருக்கு.

சின்னமுத்து: வெள்ளக்கார அம்மா எழுதினத, கண்டியில நான் எந்திரிச்சு ஒக்காந்தா மாத்திருவாங்களா?

பழனியாண்டி: எனக்கு என்னா தெரியும்? வேற எங்க போய்க் கேக்கிறதுன்னு தெரியல. ஒங்கிட்ட வந்தேன்.

சின்னமுத்து: மாப்பால்ல எல்லாம் நான் எந்திரிக்க மாட்டேன்.

பழனியாண்டி: டேய்...

சின்னமுத்து: சரி, பேசாதீங்க. மேல் ஒதடு எடுக்கிறேன்... ம்... போச்சு மீச. இந்தா, கண்ணாடியில பாருங்க. ரதி வந்துட்டா.

பழனியாண்டி: கெழட்டு ரதி... நான் போனப்புறம் தோட்டத்துல ஒன்னைய என்னா சொன்னாங்க?

சின்னமுத்து: எழும்பாத காமன்னு பேரு வச்சாங்க. அந்த வருஷம் மழ இல்ல, கொழுந்து இல்ல, எல்லாத்துக்கும் நான்தான் காரணம். பொண்ணு கேட்டுப் போன எடமெல்லாம் கதவச் சாத்துனாங்க. அப்புறம் பாப்பம்மாதான் சொன்னா, ஏற்கனவே செத்தவன் இன்னொரு தடவ சாக மாட்டான், என் தாலிக்கு பயமில்லன்னு. கட்டிக்கிட்டோம். டவுனுக்கு எறங்கி வந்து இந்தத் தொழில கத்துக்கிட்டேன். ரெண்டு புள்ளைங்க. நல்லாத்தான் இருக்கோம்.

பழனியாண்டி: என்னைய திட்டுனியா?

சின்னமுத்து: தோட்டமே திட்டுச்சு. நான் வேற எதுக்கு?

பழனியாண்டி: காப்பு? என்னோடத போற வழியிலேயே கடிச்சு அறுத்து எறிஞ்சேன். சினிமாக்காரன் பாத்தா நாட்டுப்புறத்தான்னு நெனப்பானேன்னு.

சின்னமுத்து: என்னோடத யாரும் அவுக்கல. எந்திரிச்சாத்தானே அவுக்கிறதுக்கு? தானா இத்துப்போயி, ஆடி மாசம் விழுந்துச்சு... தலைய நல்லா பின்னால சாயுங்க. கழுத்து எடுக்கணும். இப்ப பேசக்கூடாது.

பழனியாண்டி: இப்பதான் பேசணும்.

சின்னமுத்து: தொண்டையில கத்தி இருக்குது.

பழனியாண்டி: அதனாலதான்.

சின்னமுத்து: என்னா சார் இது?

பழனியாண்டி: எரிச்ச அன்னிக்கு ஜீப்புல ஒரு ஆளு வந்தான்ல? சிங்கள ஆளு, நெட்டையா, கழுத்துல மப்ளர்.

சின்னமுத்து: சினிமாக்காரன். ஒங்கள கூப்பிட்டவன்.

பழனியாண்டி: என்னைய கூப்பிடல. எரிஞ்சு விழுந்தானே, அந்த ஆளு எங்கன்னு கேட்டான். நீ வேசம் கலைக்க பீலிக்குப் போயிருந்த. எனக்கு சிங்களம் வரும்ல, எங்கிட்டயே சொல்லிட்டுப் போனான். நல்லா சாகிறான், எங்களுக்கு சாகிறவன் ஒருத்தன் வேணும், நாளன்னைக்கு காலையில கெட்டம்பே ஆத்தங்கரைக்கு அனுப்புன்னு. நான் ஒங்கிட்ட சொல்லல. சொல்லத்தான் வந்தேன்... பீலி வரைக்கும் வந்தேன்டா. நீ மொகத்துல சோப்பு போட்டுக்கிட்டு பாடிக்கிட்டு இருந்த. திரும்பிட்டேன். மூணாம் நாள் விடியக்குள்ள எறங்கிப் போயி, எரிஞ்சவன் நான்தான்னு சொன்னேன். சாயம் பூசின மூஞ்சிதானே, யாருக்குத் தெரியும்? அந்த முப்பத்தொரு சாவும் ஒன்னோடதுடா. நான் திருடிட்டேன்.

சின்னமுத்து: ...

பழனியாண்டி: ஏதாவது சொல்லுடா. கத்திய எடு, இல்லாட்டி இழு. இப்படி நிக்காத.

சின்னமுத்து: அந்தப் பக்கம் திரும்புங்க.

பழனியாண்டி: முத்து...

சின்னமுத்து: தாடையில கொஞ்சம் மிச்சம் இருக்கு. திரும்புங்க... ம்... முப்பத்தொண்ணையும் நீங்களே வச்சிக்கங்க. எனக்கு கடைசியில ஒண்ணு போதும்.

றவூப்: இந்தா சேர், பால். சீனி போடல்ல, ஆத்தல்ல. இதென்ன, ரெண்டு பேரும் மையத்து கெடக்கிற வீடு மாதிரி இருக்கீங்க?

சின்னமுத்து: அங்க வைங்க நானா. கண்ணாடிக்குப் பக்கத்துல.

றவூப்: சேர், ஒண்டு மட்டும் கேட்டுட்டுப் போறன். அடுத்த படத்துலயும் மவுத்துதானா?

பழனியாண்டி: இன்னும் முடிவு பண்ணல நானா.

றவூப்: அப்ப அல்லாஹ்ட்ட துஆ கேக்கிறன். ஜெஸீமாட்டயும் சொல்றன். அவ கேட்டா கெடைக்கும்.

சின்னமுத்து: நானா, அந்த போன கொஞ்சம் வச்சிட்டுப் போறீங்களா? பொறகு தாறேன்.

றவூப்: அந்தப் படத்த பாக்கவா? நீங்களா? ...சரி சரி, கேக்கல்ல. இந்தா.

பழனியாண்டி: எதுக்குடா போன்?

சின்னமுத்து: அப்புறம். இப்ப கண்ண மூடுங்க. சுடுதண்ணித் துணி போடப் போறேன். நான் சொல்ற வரைக்கும் தொறக்கக் கூடாது.

பழனியாண்டி: கண்ண மூடிக்கிட்டு கெடக்கிறது எனக்குப் பழக்கந்தான்... சூடா இருக்கு.

சின்னமுத்து: அன்னிக்கு காலையில ரதியக் காணோம்னு பொட்டல்ல எல்லாரும் தவிச்சாங்க. நான் லயம் லயமா தேடுனேன். லொறி ஓட்டுற மூக்கையா சொன்னான், அவன கெட்டம்பேயில எறக்கி வுட்டேனேன்னு.

பழனியாண்டி: என்னாது? அப்ப நான் அங்க இருக்கிறது ஒனக்கு...

சின்னமுத்து: துணிய எடுக்காதீங்க.

பழனியாண்டி: தெரிஞ்சும் ஏன் வரல? வந்து செவுட்டுல ஒண்ணு குடுத்து இழுத்துட்டுப் போயிருக்கலாமே. நான் வந்திருப்பேன்டா. சத்தியமா வந்திருப்பேன்.

சின்னமுத்து: ஒன்னைய கூட்டிட்டுப் போகத்தான்டா வந்தேன்... மூணாம் நாள் தப்பிரக் கூடாதேன்னு ஓடி வந்தேன். ஆத்தங்கரைக்கு வர்றேன், டப்புன்னு சத்தம், நீ ரத்தமும் தண்ணியுமா மெதக்குற. படம் புடிக்கிறாங்கன்னு எனக்கு எப்படித் தெரியும்? பாஞ்சு கால புடிச்சு கரையில இழுத்துப் போட்டு, எந்திரிடா, எந்திரிடான்னு மூணு தடவ கத்துனேன். நீ எந்திரிக்கல. அந்த ஜீப்புக்காரன்தான் என்னைய தூக்கி நிறுத்துனான். என் குரல வச்சு கண்டுபுடிச்சிட்டான்; நீதானே எரிஞ்சவன், ஏன் இப்ப வர்றேன்னு கேட்டான். எனக்கும் அவ்வளவு சிங்களம் வரும். அப்பவே எல்லாம் வெளங்கிருச்சு. திரும்பிப் பாக்கிறேன், நீ துண்டு போத்திக்கிட்டு நடுங்கிக்கிட்டே சிரிச்ச... அப்படி ஒரு சிரிப்ப ஒன் மொகத்துல நான் பாத்ததே இல்ல. கூப்பிட மனசு வரல. கம்பள ஆளுன்னு சொல்லிருங்கன்னு அவன கும்புட்டுட்டு, நடந்தே தோட்டத்துக்குப் போயிட்டேன். நம்பாட்டி றவூப் நானா போன்ல பாரு. அழுறவன் கையில மஞ்சக் காப்பு இருக்கும். அசையாத... அந்த மாப்பால எடுக்கிறேன். எழுப்ப வேண்டியது என்னைய இல்லடா, நான் அன்னிக்கே எந்திரிச்சு வூட்டுக்குப் போயிட்டேன். எந்திரி பழனி... எந்திரிடா... எந்திரி... ம், இப்ப கண்ணத் தொற.